பட்டறைப் பூட்டைத் திறங்க: எங்க ஸ்கூல் தாளாளருக்கு ஒரு திறந்த மடல்

தாளாளர் ஐயாவுக்கும் நிர்வாகக் குழுவுல இருக்குற எல்லாருக்கும்,

போன மாசம் மூணாவது சனிக்கிழமை காலைல ஒன்பதே காலுக்கு வழக்கம் போல ரெண்டு கட்டப்பை நிறைய சாமானோட ஸ்கூல் கேட்டுக்குள்ள வந்தேன். பின்பக்கம் மாடிப்படிக்குக் கீழ இருக்குற பழைய ஸ்டோர் ரூம், நாலு வருஷமா சனிக்கிழமைல புள்ளைங்களுக்கு அறிவியலைச் செஞ்சு பார்க்க நான் கத்துக் கொடுக்குற, அவங்க 'பட்டறை'ன்னு கூப்பிடுற ரூம், அதுல புதுப் பூட்டு தொங்குது. பதினேழு புள்ளைங்க வராண்டால பையை மடியில வச்சுக்கிட்டு உக்காந்திருக்காங்க. வாட்ச்மேன் அண்ணன்தான் ஆபீஸ்ல போய்க் கேளுங்கன்னாரு, ஆபீஸ்ல ஒரு சர்குலர் காப்பியைக் கொடுத்தாங்க, மூணே வரி. சனிக்கிழமை செயல்முறை வகுப்பு நிறுத்தப்படுது, அந்த ரூம் ஸ்மார்ட் கிளாஸுக்கு எடுத்துக்கப்படுது, காரணம் பொதுத்தேர்வு ரிசல்ட், பாதுகாப்பு, அப்புறம் பெற்றோர் ஆட்சேபணை. எனக்கு ஒரு போன் கூட வரல, அது பரவாயில்ல. அந்தப் புள்ளைங்களுக்கு முந்தின நாள் ஒரு வார்த்தை யாரும் சொல்லல, அதை என்னால விட முடியல.

ரெண்டு தடவை உங்களைப் பார்க்க வந்தேன், பார்க்க முடியல. ஒரு லெட்டர் எழுதிக் கொடுத்தேன், பதில் இல்ல. அதனாலதான் நாலு பேர் படிக்கிற மாதிரி இங்க எழுதுறேன். ஸ்கூல் பேரைப் போடல, அங்க வேலை பாக்குற டீச்சருங்களுக்கு என்னால எந்தத் தொந்தரவும் வரக்கூடாது.

உங்கள்ல சில பேருக்கு என்னை சாமான் தூக்கிட்டு வர்ற ஒரு அம்மாவா மட்டும்தான் தெரியும், அதனால கொஞ்சம் சொல்லிடறேன். நான் இதே ஸ்கூல்ல ஆறாவதுல இருந்து பிளஸ் டூ வரைக்கும் படிச்சவ, 2001 பேட்ச். எங்க அப்பா கொருக்குப்பேட்டைல ஒரு லேத் பட்டறைல டர்னர். அப்போ பிசிக்ஸ் ப்ராக்டிகலுக்கு 50 மார்க், எனக்கு 50க்கு 50. டேஞ்சன்ட் கால்வனாமீட்டர், அதாவது காந்த ஊசி திரும்புறதை வச்சு கரண்டை அளக்குற கருவி, அதுதான் எனக்குச் சோதனையா வந்துச்சு. அதை நான் அதுக்கு முன்னாடி தொட்டது ஒரே ஒரு தடவை, அதுவும் ஆறு பேர் சேர்ந்து. ரெக்கார்ட் நோட்டுல இருந்த ரீடிங்கை மனப்பாடம் பண்ணி வச்சிருந்தேன், பரீட்சைல ஊசி எங்க நின்னுச்சுன்னு நான் குனிஞ்சு கூடப் பார்க்கல, மனசுல இருந்த நம்பரை எழுதிட்டு வந்துட்டேன். அந்த 50ஐ வீட்ல எல்லார் கிட்டயும் சொல்லி சந்தோஷப்பட்டேன்.

அப்புறம் மெக்கானிக்கல் இன்ஜினியரிங், 2005ல வேலை. வண்டி பார்ட்ஸ் பண்ற கம்பெனி. சேர்ந்த மொத வாரமே குவாலிட்டி செக்ஷன்ல சூப்பர்வைசர் ஒரு ஷாஃப்டையும், மில்லிமீட்டரை விடச் சின்ன அளவையும் அளக்குற வெர்னியர் கருவியையும் கைல கொடுத்து டயா, அதான் விட்டம், எவ்ளோன்னு சொல்லும்மான்னாரு. மெயின் ஸ்கேல், வெர்னியர் ஸ்கேல், மீச்சிற்றளவு ஃபார்முலா எல்லாம் தலைகீழா ஒப்பிப்பேன். ஆனா கோடும் கோடும் எங்க ஒட்டுதுன்னு என் கண்ணுக்குத் தெரியல சார். கை நடுங்குச்சு. பக்கத்துல ஐடிஐ முடிச்ச பையன் எட்டிப் பார்த்து டக்குன்னு சொன்னான். அன்னிக்கு ராத்திரி வீட்டுக்கு வந்து அழுதேன். அப்பா ஒண்ணும் கேக்கல, அவரோட பழைய வெர்னியரைத் துணியில இருந்து பிரிச்சு எடுத்துட்டு வந்து டம்ளர், ஸ்பூன் காம்பு, சைக்கிள் பால்ரஸ், என் வளையல்னு வீட்ல இருந்த ஒவ்வொண்ணா அளக்க வச்சாரு. அவரு அஞ்சாவது வரைக்கும்தான் படிச்சவரு. 'இன்ச்சுக்கு எட்டு நூல், அது வரைக்கும் கண்ணு போதும், அதுக்கு மேல கண்ணை நம்பாத, எந்தக் கோடு நேரா நிக்குதோ அதைத் தேடு'ன்னாரு. மணி பன்னண்டாச்சு. பதினாறு வருஷம் படிச்சதுல நான் ஒரு பொருளை உண்மையா அளந்தது அந்த ராத்திரிதான்.

பதினாலு வருஷம் அந்தத் துறைல இருந்தேன். 2018ல அரவிந்த் குப்தாவுக்குப் பத்மஸ்ரீ கொடுத்தப்போதான் அவரைப் பத்தி எனக்குத் தெரிய வந்துச்சு. கான்பூர் ஐஐடில எலெக்ட்ரிகல் படிச்சு, புனேல டெல்கோங்கிற வண்டி கம்பெனில வேலை பார்த்தவரு, 1978ல லீவு போட்டுட்டு மத்தியப் பிரதேசத்துல ஹோஷங்காபாத் பக்கம் கிராமத்து ஸ்கூல்ல நடந்துக்கிட்டிருந்த அறிவியல் திட்டத்துக்குப் போய் சேர்ந்தாரு. சந்தைல கிடைக்கிற தீக்குச்சியையும் சைக்கிள் வால்வ் டியூபையும் வச்சு முக்கோணம் ஏன் ஆடாது, சதுரம் ஏன் ஆடுதுன்னு புள்ளைங்க கையிலயே காமிச்சவரு. நான் அதைப் பார்த்துட்டு அன்னிக்கே எங்க தெரு முனைல நின்னு ஹார்பர் கிரேனைப் பார்த்தேன், அந்த இரும்புக் கை முழுக்க முக்கோணம், பொறந்ததுல இருந்து பார்க்குற கிரேன், அன்னிக்குத்தான் கண்ல பட்டுச்சு. 2019ல வேலையை விட்டேன். கொரோனா முடிஞ்சு ஸ்கூல் தொறந்ததும் அப்போ இருந்த ஹெச்எம் மேடம் கிட்ட வந்து கேட்டேன், அவங்கதான் அந்த ஸ்டோர் ரூமைக் காமிச்சாங்க. உடைஞ்ச பெஞ்சு, எலி, 90கள்ல இருந்து அடுக்கின விடைத்தாள் கட்டு. நானும் பழைய மாணவர்கள் ரெண்டு பேரும் மூணு நாள் சுத்தம் பண்ணோம்.

அந்த ரூம்ல என்ன நடக்குதுன்னு நீங்க ஒரு தடவை கூட வந்து பார்க்கல, அதனால ரெண்டு நாளைப் பத்தி மட்டும் விவரமா எழுதுறேன்.

ஒரு சனிக்கிழமை மோட்டார் பண்ணோம். ஒன்றரை வோல்ட் பெரிய பேட்டரி ஒண்ணு, அதோட ரெண்டு முனைலயும் ஊக்கு ஒவ்வொண்ணு, ரெண்டையும் சைக்கிள் டியூப் பட்டையால இறுக்கிக் கட்டணும், பேட்டரி மேல பழைய ஸ்பீக்கர்ல இருந்து எடுத்த காந்தம். எனாமல் காப்பர் வயரைப் பத்து சுத்து சுத்தி வட்டமாக்கி ரெண்டு நுனியையும் ரெண்டு ஊக்கு ஓட்டைல நுழைச்சு நிக்க வைக்கணும். வயர் பக்கத்துல இருக்குற மோட்டார் வைண்டிங் கடைல மிச்சத்துண்டு, காசே வாங்கல. நுனியில இருக்குற எனாமலைச் சுரண்டினாதான் கரண்ட் போகும்னு மட்டும் சொன்னேன், எப்படிச் சுரண்டணும்னு வேணும்னே சொல்லல. எல்லாரும் நல்லா பளபளன்னு ரெண்டு பக்கமும் சுத்திச் சுரண்டிட்டாங்க. ஒருத்தருதும் சுத்தல, லேசா துடிச்சு ஊஞ்சல் மாதிரி ஆடி ஆடி நின்னுடுச்சு. ஏழாவது படிக்கிற ஒரு பொண்ணு, கிளாஸ்ல வாயே தொறக்காது, பிளேடு மழுங்கிப் போச்சுன்னு ஒரு நுனியில மேல் பக்கம் மட்டும் அரைகுறையா சுரண்டியிருந்துச்சு. அதோட மோட்டார் மட்டும் விர்ர்னு சுத்துது.

நாப்பது நிமிஷம் சண்டை நடந்துச்சு சார் அந்த ரூம்ல. ஒருத்தன் காந்தம் அவளுக்கு நல்ல காந்தம்ங்கிறான், காந்தத்தை மாத்தி வச்சாங்க, அப்பவும் அவளோடது தான் சுத்துது. பேட்டரியை மாத்துனாங்க. கடைசில அந்தப் பொண்ணே சுருளை எடுத்து மத்தவங்களோடது பக்கத்துல வச்சுப் பார்த்து, 'அக்கா எனக்கு பாதி நேரம் கரண்ட் போகல, அதனாலதான் சுத்துது'ன்னு சொல்லுச்சு. அதான் விஷயம். முழுசா சுரண்டினா முதல் அரைச்சுத்துல தள்ளுற விசை அடுத்த அரைச்சுத்துல பின்னாடி இழுக்கும், பாதி மட்டும் சுரண்டினா அந்த இழுக்குற நேரத்துல கரண்ட் கட்டாகி, வந்த வேகத்துலயே சுருள் தாண்டிப் போயிடும். திசைமாற்றின்னு ஒரு வார்த்தையை நாம பாடத்துல மனப்பாடம் பண்றோம்ல, அந்த வேலையை ஒரு மழுங்கின பிளேடை வச்சு ஏழாவது படிக்கிற பொண்ணு கண்டுபிடிச்சுச்சு. அதுக்கப்புறம் கிளாஸ்ல கை தூக்க ஆரம்பிச்சிருக்குன்னு அவங்க டீச்சரே என் கிட்ட சொன்னாங்க. மொத்தச் செலவு ஒரு மோட்டாருக்கு பேட்டரியைச் சேர்த்து இருபது ரூபா சொச்சம்.

இன்னொண்ணு ஒன்பதாவது புள்ளைங்களோட. பாய்மங்கள் பாடம், அடர்த்தி, மிதத்தல். காசிமேட்டுல இருந்து வர்ற ஒரு பையன், அவங்க அப்பா மீன்பிடி லாஞ்சுக்குப் போறவரு, அறிவியல்ல நூத்துக்கு 31. கடல் தண்ணி ஒரு லிட்டர் பாட்டில்ல புடிச்சுட்டு வாடான்னு அவன் கிட்டதான் சொல்லியிருந்தேன். ஜூஸ் ஸ்ட்ராவோட அடியில களிமண்ணை அடைச்சு மொதல்ல குழாத்தண்ணில மிதக்க விட்டு மார்க்கர்ல கோடு போட்டோம், அப்புறம் கடல் தண்ணில. கோடு மேல வந்துடுச்சு, அதாவது ஸ்ட்ரா கடல் தண்ணில கம்மியாதான் இறங்குது. எல்லாரும் ஏன் ஏன்னு பார்த்துட்டிருக்காங்க, இவன் அசால்ட்டா சொல்றான், 'எண்ணூர் முகத்துவாரத்துக்குள்ள வந்தா எங்க போட் கொஞ்சம் இறங்கும்க்கா, ஆத்துத் தண்ணி கலந்திருக்கும்ல, அப்பா சொல்லும்'னு. ஆர்க்கிமிடிஸ் தத்துவத்தை வரையறுன்னு கேட்டா முழிக்கிற பையன். அதை வருஷக்கணக்கா கண்ணால பார்த்துட்டு இருக்கான், நம்ம கேள்வித்தாள் அவன் கிட்ட அதைக் கேக்கவே இல்ல.

அதோட விடல. ரெண்டு தண்ணியையும் ஒரே பாட்டில்ல ஒரே கோடு வரைக்கும் ஊத்தி மளிகைக்கடை அண்ணன் கிட்ட இரவல் வாங்கின டிஜிட்டல் தராசுல வச்சோம். கடல் தண்ணி 22 கிராம் கூட வந்துச்சு. சாதாரணமா கடல் தண்ணி லிட்டருக்கு 1025 கிராம்னு எடுத்துப்போம், அப்போ 25 கூட வரணும். அந்தப் பையன் என் முகத்தைப் பார்த்து, 'அக்கா 25ன்னு எழுதிடவா'ன்னான்.

எனக்கு அந்த டேஞ்சன்ட் கால்வனாமீட்டர் ஞாபகம் வந்துச்சு.

உனக்கு என்ன வந்துச்சோ அதை எழுதுடான்னேன். 22ன்னு எழுதினான். ஏன் மூணு கிராம் கம்மின்னு எல்லாரும் யோசிச்சாங்க, கோடு வரைக்கும் ஊத்தினது சரியா இல்லன்னு ஒருத்தி, கரையோரம் மோந்த தண்ணில வேற தண்ணி கலந்திருக்கும்னு இவன், தராசு மேலயே சந்தேகம்னு ஒருத்தன். அடுத்த வாரம் மறுபடியும் தண்ணி புடிச்சுட்டு வந்தாங்க. இதுதான் சார் அறிவியல், இதுக்கு மேல ஒண்ணும் இல்ல, வந்ததை எழுதி, ஏன் அப்படி வந்துச்சுன்னு விடாம கேக்குறது.

இப்போ நம்ம லேபுக்கு வாங்க. பத்தாவதுக்கு அறிவியல்ல 75 மார்க் எழுத்துத் தேர்வு, 25 செய்முறை. திருப்புத்திறன் வச்சு எடை காணல், குவிலென்ஸோட குவியத் தொலைவு, மின்தடை எண், இதெல்லாம் பிசிக்ஸ்ல இருக்குற சோதனைங்க. போன வருஷம் நம்ம பத்தாவது புள்ளைங்களோட ரெக்கார்ட் நோட்டு முப்பது நோட்டை நான் புரட்டிப் பார்த்தேன், குவிலென்ஸ் சோதனைல முப்பது பேருக்கும் அதே ரீடிங், புள்ளிக்கு அப்புறம் வர்ற எண் வரைக்கும் அதே. போர்டுல எழுதிப் போட்டதைக் காப்பி பண்ணியிருக்காங்க. நான் டீச்சரைக் குறை சொல்ல மாட்டேன், அவங்களுக்கு மூணு செக்ஷன், ஒரு லேப், லேப் அசிஸ்டென்ட் போஸ்ட் காலி, டிசம்பருக்குள்ள போர்ஷன் முடிக்கணும், ஜனவரில ரிவிஷன். குறை எங்கன்னா, பதினாலு வயசுப் புள்ளைக்கு நாம சொல்லிக் கொடுக்குறது என்னன்னா, நீ பார்க்காததைப் பார்த்த மாதிரி எழுது, மார்க் வரும்னு. நான் அதே மாதிரி எழுதி 50 வாங்கினவ. அது என்னை எங்க கொண்டு போய் நிறுத்துச்சுன்னு மேலயே சொல்லிட்டேன். அந்தப் பூட்டுன ரூம் ஒண்ணுலதான் புள்ளைங்க பார்த்ததை எழுதிக்கிட்டிருந்தாங்க.

உங்க சர்குலர்ல இருக்குற காரணங்களுக்கு வர்றேன்.

ரிசல்ட். பட்டறைக்கு வர்றவங்க ஆறாவதுல இருந்து ஒன்பதாவது வரைக்கும்தான். பத்தாவது, பதினொண்ணு, பன்னண்டு புள்ளைங்களை நான் சனிக்கிழமை கூப்பிட்டதே இல்ல, அவங்களுக்கு ஸ்பெஷல் கிளாஸ் இருக்குன்னு எனக்குத் தெரியும். அப்போ இது எப்படி பொதுத்தேர்வு ரிசல்ட்டைக் கெடுக்கும்? போன வருஷம் ரிசல்ட் குறைஞ்சதுக்கு இந்த ரூம் காரணம்னு யாராவது சொல்லியிருந்தா எந்தப் புள்ளை, எந்தப் பாடம்னு எனக்குக் காமிங்க, உக்காந்து பேசலாம்.

பாதுகாப்பு. இதுல என் மேல தப்பு இருக்கு, ஒத்துக்கிறேன். ஜூலை மாசம் எட்டாவது பையனுக்கு, வயரை ஒட்டுறதுக்கு ஈயத்தை உருக்குற சால்டரிங் அயர்ன் பட்டு சுண்டு விரல்ல கொப்புளம் வந்துச்சு. இருந்த நாலு அயர்ன்ல ஒண்ணுக்கு ஸ்டேண்ட் இல்ல, செங்கல் மேல வச்சிருந்தேன், வச்சிருக்கக் கூடாது. உடனே குழாத்தண்ணில விரலைப் பிடிச்சு, மருந்து போட்டு, சாயங்காலம் நானே அவங்க வீட்டுக்குப் போய் அவங்க அம்மா கிட்ட சொன்னேன். அன்னிலேர்ந்து ஸ்டேண்ட் இல்லாத அயர்னை எடுத்ததில்ல, ஒரு நேரத்துல ரெண்டு பேருக்கு மேல சால்டரிங் இல்ல, கண்ணாடி போடாம யாரும் இல்ல. அந்தப் பையன் அடுத்த வாரமே வந்தான், பூட்டு தொங்குன அன்னிக்கும் வராண்டால முதல் ஆளா உக்காந்திருந்தது அவன்தான். பாதுகாப்புன்னா என்னென்ன வேணும்னு ஒரு பேப்பர்ல எழுதிக் கொடுங்க, ஒவ்வொண்ணா செஞ்சு காமிக்கிறேன். பூட்டு போட்டா விபத்து நடக்காது, உண்மைதான், வேற எதுவுமே நடக்காது.

பெற்றோர் ஆட்சேபணை. இதை மட்டும் நான் லேசா எடுத்துக்க மாட்டேன், ஏன்னா அதுக்குப் பின்னாடி ஒரு பெரிய வலி இருக்கு. பெற்றோர் கூட்டத்துல ஒரு பெரியவர் எழுந்து பேசினாரு, பேரனுக்காக வந்தவரு. அவங்க தாத்தா பெரம்பூர் பக்கம் மில்லுல வேலை பார்த்தவரு, 1918ல மெட்ராஸ் லேபர் யூனியன் உருவான காலத்துல இருந்தே சங்கத்துக் குடும்பம்னு பெருமையா சொல்லுவாரு. அவரு சொன்னாரு, 'என் கைல ஸ்பேனர், என் புள்ள கைல ஸ்பேனர், பேரன் கைலயாவது பேனா இருக்கட்டும்னு தாம்மா இங்க சேர்த்தேன். நீ இங்கயும் ஸ்பேனரைத் தர்ற. இது குலக்கல்வி இல்லாம வேற என்ன?' ஹால்ல சத்தமே இல்ல. எனக்கும் உடனே பதில் வரல.

அவரு சொன்னது தப்பில்ல. 1953ல ராஜாஜி முதலமைச்சரா இருந்தப்போ கிராமத்து ஸ்கூல்ல பாதி நேரம் படிப்பு, மீதி நேரம் அப்பன் செய்யிற தொழிலைக் கத்துக்கோன்னு ஒரு திட்டம் வந்துச்சு. தமிழ்நாடு கொந்தளிச்சு எதிர்த்துச்சு, அடுத்த வருஷம் காமராஜர் வந்து அதை எடுத்துட்டாரு. அது போகலன்னா எங்க அப்பா பொண்ணு இன்ஜினியர் ஆகியிருக்க முடியாது, நான் இந்த லெட்டரை எழுதிட்டிருக்க முடியாது. அதனால யார் அந்த வார்த்தையைச் சொன்னாலும் நான் நின்னு கேப்பேன்.

ஆனா பெரியவரே, சார், ரெண்டு பேருக்கும் சேர்த்துச் சொல்றேன். குலக்கல்வி புள்ளையை ஸ்கூலை விட்டு வெளிய அனுப்புச்சு, பொறப்பைப் பார்த்து உனக்கு இந்த வேலைன்னு சொல்லுச்சு. எங்க ரூம்ல மீன் புடிக்கிறவர் புள்ளை மோட்டார் சுத்துறான், ஆட்டோ ஓட்டுறவர் பொண்ணு கடல் தண்ணியை எடை போடுது, ஒருத்தரும் அப்பன் தொழிலைக் கத்துக்கல, எல்லாரும் பிசிக்ஸ் கத்துக்கிறாங்க. நான் கைல கொடுக்குறது ஸ்பேனர்னு நீங்க நினைக்கிறீங்க, நான் கொடுக்குறது அளவுகோல். அதே நேரத்துல ஊருக்குத் தெற்கால பெரிய ஃபீஸ் வாங்குற ஸ்கூலுங்கள்ல ரோபோடிக்ஸ் லேப்னும் மேக்கர் ரூம்னும் தனி ஃபீஸ் கட்டி இதே வேலையைச் செய்ய வைக்கிறாங்க, என் பழைய ஆபீஸ் நண்பரோட பையன் படிக்கிறான், அங்க இருக்குறதும் இதே மல்டிமீட்டர், இதே சால்டரிங் அயர்ன்தான். அங்க யாரும் அதைக் குலக்கல்வின்னு சொல்றதில்ல, எதிர்காலத்துக்கான படிப்புன்னு சொல்றாங்க. அவங்க புள்ளைக்கு கையும் தலையும் ரெண்டும் வேணும், நம்ம புள்ளைக்கு மட்டும் மனப்பாடம் போதுமா? இதைத்தான் அன்னிக்கு அந்தப் பெரியவர் கிட்ட சொன்னேன். அவர் முழுசா ஒத்துக்கல, இன்னும் ஒத்துக்கல. ஆனா பேரனை நிறுத்தல, ரெண்டு சனிக்கிழமை அவரே வந்து ஓரமா ஸ்டூல் போட்டு உக்காந்து பார்த்துட்டுப் போனாரு. உங்க சர்குலர்ல ஆட்சேபணைன்னு போட்டிருக்கீங்களே, அவரைக் கேட்டுட்டுத்தான் போட்டீங்களா?

ஸ்மார்ட் கிளாஸ் வரட்டும், நான் எதிரி இல்ல. கிரகணம், செல் பிரியிறது, எரிமலை இதையெல்லாம் திரைலதான் காமிக்க முடியும். ஆனா மோட்டார் சுத்துறதைத் திரைல பார்த்தா அந்தப் பொண்ணுக்கு மழுங்கின பிளேடு கிடைச்சிருக்காது. ஆபீஸ் ரூமுக்கு ரெண்டு ரூம் தள்ளி பழைய தையல் ரூம் ரெண்டு வருஷமா காலியாதான் இருக்கு, கரண்ட் லைன் இருக்கு, மழைத்தண்ணி ஏறாது. மாடிப்படிக்குக் கீழ இருக்குற ரூம்ல மழைக்காலத்துல முட்டி வரைக்கும் தண்ணி வரும், அங்க போய் விலை கூடின ஸ்கிரீனை மாட்டாதீங்க.

நாம எந்த ஊர்ல இருந்து பேசுறோம்னு ஒரு தடவை நினைச்சுப் பாருங்க. 1856ல தென்னிந்தியாவுல முதல் ரயில் கிளம்பினது நம்ம ராயபுரத்துல இருந்து. 1955ல ஐசிஎஃப், அதான் ரயில் பெட்டித் தொழிற்சாலை, பெரம்பூர்ல வந்துச்சு, அடுத்த வருஷம் திருவொற்றியூர்ல புல்லட் வண்டி பண்ண ஆரம்பிச்சாங்க, எண்ணூர்ல லாரி பண்ணாங்க, இன்னிக்கு நாடு முழுக்க ஓடுற வந்தே பாரத் 2018ல ட்ரெயின் 18ங்கிற பேர்ல மொத மொதல்ல வெளிய வந்ததும் ஐசிஎஃப்ல இருந்துதான். இதையெல்லாம் கையால பண்ணவங்களோட புள்ளைங்கதான் நம்ம பெஞ்சுல உக்காந்திருக்காங்க. எண்ணூர்ல இருந்து வர்ற ஒரு பொண்ணு ஒரு நாள் கேட்டுச்சு, எங்க மொட்டை மாடில விழுற கருப்புத் தூசி என்னக்கான்னு. வெள்ளை அட்டைல வாஸ்லின் தடவி பன்னண்டு வீட்டு மாடில ஒரு வாரம் வச்சோம், லென்ஸ்ல எண்ணினோம், மாடில கூட்டி எடுத்த தூசி மேல பிளாஸ்டிக் கவர்ல சுத்தின காந்தத்தைக் காமிச்சா கொஞ்சம் ஒட்டிக்கிட்டு வருது. அனல்மின் நிலையச் சாம்பல்ல இரும்புத் துகள் இருக்கும், ஆனா இரும்புத் தூசி வேற இடத்துல இருந்தும் வரலாம், அதனால எங்கேர்ந்து வந்துச்சுன்னு சொல்ல இது பத்தாது, இன்னும் என்ன சோதனை பண்ணணும்னு யோசிங்கன்னு விட்டிருந்தேன். அந்த பன்னண்டு அட்டையும் உள்ளதான் இருக்கு.

நான் ஊர்ல இல்லாததைக் கேக்கல. 2003ல செயல்வழிக் கற்றல் ஆரம்பிச்சதே நம்ம சென்னை மாநகராட்சிப் பள்ளிகள்லதான், முதல்ல 13 ஸ்கூல், அப்புறம் தமிழ்நாடு முழுக்கத் தொடக்கப்பள்ளிகளுக்குப் போச்சு. 2022 நவம்பர்ல தமிழக அரசே ஆறாவதுல இருந்து எட்டாவது வரைக்கும் படிக்கிற அரசுப் பள்ளிப் புள்ளைங்களுக்கு வானவில் மன்றம்னு ஆரம்பிச்சு, செஞ்சு பார்த்துக் கத்துக்கட்டும்னு சொல்லுச்சு. அரசாங்கம் தேடித் தேடிக் கொடுக்குற விஷயம் நம்ம ஸ்கூல்ல, ஸ்கூலுக்கு ஒரு பைசா செலவில்லாம நடந்துக்கிட்டிருந்துச்சு. அரவிந்த் குப்தா போய்ச் சேர்ந்தாருன்னு சொன்னேனே, அந்த ஹோஷங்காபாத் திட்டம், 1972ல 16 ஸ்கூல்ல ஆரம்பிச்சது, புத்தகத்தைத் திறந்து வச்சு எழுதுற பரீட்சை, சோதனை பண்ணிக் காட்டுறதுக்குத் தனிப் பரீட்சைன்னு முப்பது வருஷம் நடந்துச்சு. 2002ல ஒரு அரசாங்க உத்தரவுல மூடிட்டாங்க. வளர்க்க முப்பது வருஷம், மூட ஒரு பேப்பர். நம்மளது ரொம்பச் சின்னது, நாலு வருஷம்தான், ஆனா மூடுன விதம் அதேதான்.

நான் கேக்குறது இவ்ளோதான். பட்டறை ரூமை இந்த மாசத்துக்குள்ள திறந்து விடுங்க, ஸ்மார்ட் கிளாஸைத் தையல் ரூமுக்கு மாத்துங்க, பெஞ்சைத் தூக்கிட்டு வந்து போடுற வேலையைப் பழைய மாணவர்கள் நாங்க செய்யிறோம். ஆறாவதுல இருந்து ஒன்பதாவது வரைக்கும் வாரத்துக்கு ரெண்டு பீரியட் டைம்டேபிள்லயே போடுங்க, அப்போ சனிக்கிழமைங்கிற பிரச்சனையே இல்ல, எந்த டீச்சருக்கும் கூடுதல் வேலை வராது, நானும் என் கூட இருக்குற ரெண்டு பேரும் வர்றோம், சம்பளம் வேணாம். பத்தாவது செய்முறைக்கு ரீடிங்கைப் போர்டுல எழுதிப் போடுறதை நிறுத்துங்க, ஒவ்வொரு புள்ளையும் அரையாண்டுக்கு முன்னாடி ஒவ்வொரு சோதனையையும் ஒரு தடவையாவது தனியா செய்யணும், லென்ஸ் பத்தலன்னா எத்தனைன்னு சொல்லுங்க, வாங்கித் தர்றோம். லேப் அசிஸ்டென்ட் போஸ்டை நிரப்பச் சொல்லி நீங்க கல்வி அலுவலகத்துக்கு எழுதின லெட்டரோட காப்பியை நோட்டீஸ் போர்டுல போடுங்க, இன்னும் எழுதலன்னா எழுதுங்க. பாதுகாப்பு விதிகளை எழுத்துல கொடுங்க. பெற்றோர் கூட்டம் ஒண்ணு கூட்டுங்க, அந்தப் பெரியவரையும் கூப்பிடுங்க, அதைவிட முக்கியமா வராண்டால உக்காந்திருந்த பதினேழு பேரையும் கூப்பிடுங்க, ஏன் பூட்டுனோம்னு அவங்க முகத்தைப் பார்த்து நீங்களே சொல்லுங்க. இந்த லெட்டருக்கு எழுத்துல பதில் வேணும், வாய்வார்த்தை வேணாம்.

இன்னொண்ணு. உள்ள இருக்குற சாமானுக்கு ஸ்டாக் லிஸ்ட் ஆபீஸ்ல கொடுத்திருக்கேன், ஆறு மல்டிமீட்டர், நாலு சால்டரிங் அயர்ன், ஒரு பெஞ்ச் வைஸ், ரெண்டு வெர்னியர். அதுல துணியில சுத்தி வச்சிருக்குற வெர்னியர் எங்க அப்பாவோடது. அவர் 2021ல போயிட்டாரு. அதை நான் திருப்பிக் கேக்கல, அது அங்கயே இருக்கட்டும், ஆனா கடல் காத்து அடிக்கிற ஊரு, மாசம் ஒரு தடவை எண்ணெய் போட்டுத் துடைக்கலன்னா துரு ஏறிடும், தாடை இறுகிடும். ரூமைத் திறக்குறதுக்கு நாளாகும்னா அது வரைக்கும் அதைத் துடைக்க மட்டுமாவது பத்து நிமிஷம் உள்ள விடச் சொல்லி வாட்ச்மேன் அண்ணன் கிட்ட சொல்லி வைங்க. வர்ற சனிக்கிழமை ஒன்பதே காலுக்கு நான் கேட்டுல இருப்பேன்.

இப்படிக்கு,
2001ல பிளஸ் டூ முடிச்ச உங்க பழைய மாணவி